தைக்க மறுத்த மேஜர்

மேஜரைப் பற்றி ஊரில் எழுந்த முதல் புகார், அவர் தைக்கமாட்டார் என்பது. அறுவை மருத்துவர் ஒருவர் வெட்டுகிறார் என்று புகார் வந்தால் அதில் ஒரு நியாயம் இருக்கிறது. கிழிந்துபோய் வந்த காலை மேலும் கொஞ்சம் வெட்டி, கழுவி, புண்ணின் வாயைத் திறந்தபடியே விட்டுக் கட்டுப் போட்டு, "அஞ்சு நாள் கழிச்சுப் பார்க்கலாம்" என்று ஒருவர் சொன்னால் மக்கள் என்னதான் நினைப்பார்கள்?

"பட்டாளத்துல நூல் சப்ளை கிடையாது போல" என்றது பேருந்து நிலையத்து டீக்கடை. ஜவுளிக்கடைக்காரர் ஒருவர், கிண்டலா கருணையா என்று கடைசிவரை தெரியாத முகத்தோடு, ஒரு பெட்டி நிறைய நூல்கண்டு வாங்கி மருத்துவமனைக்கு அனுப்பிவைத்தார். மேஜர் முறைப்படி நன்றிக் கடிதம் எழுதிவிட்டுப் பெட்டியைச் சலவைப் பிரிவுக்குக் கொடுத்தார். அந்த நூலில் ஒன்பது வருடம் தலையணை உறைகள் தைக்கப்பட்டன.

உண்மையில் அவர் ஓய்வு பெற்றது லெப்டினன்ட் கர்னலாக. ஆனால் ஊர் அவரை மேஜர் ஆக்கிவிட்டது. சொல்ல எளிது, அவ்வளவுதான் காரணம். இருபத்திரண்டு வருட சேவையில் அவருக்குக் கிடைத்த ஒரே பதவி இறக்கம் அதுதான். அவர் மேல்முறையீடு செய்யவில்லை.

அவருடைய அப்பா பேருந்து நிலையத்தில் நேரம் குறிக்கும் டைம் கீப்பர். கையில் நோட்டு, வாயில் விசில், சுவரில் கடிகாரம். ஒரு வண்டி இரண்டு நிமிடம் அதிகம் நின்றால் அவருக்கு நெஞ்சு அடைக்கும். காத்திருப்பதும் காக்கவைப்பதும் பெரும்பாவம் என்று நம்பிய அந்த வீட்டில்தான், காக்கவைப்பதையே தொழிலாக்கிக்கொண்ட பிள்ளை பிறந்தது. மருத்துவப் படிப்புக்கு ராணுவம் செலவு செய்தது. பதிலுக்கு ஐந்து வருடம் சேவை செய்ய வேண்டும் என்று கையெழுத்து. ஐந்து, பத்தாகி, பிறகு யாரும் எண்ணவில்லை. கடைசியில் பெட்டி படுக்கையோடு வந்து இறங்கிய மகனை அப்பா மேலும் கீழும் பார்த்தார்.

"அஞ்சு வருஷத்துல வர்றேன்னு போன வண்டி இருபத்திரண்டு வருஷம் கழிச்சு வருது. இதை நான் எந்த நோட்டுல எழுதறது?"

போர்க்கள மருத்துவனாக வேண்டும் என்று போன இளைஞன் முதல் இரண்டு வருடம் வெட்டியது பெரும்பாலும் கால் ஆணி. படை வீரர்கள் நடக்கிறவர்கள். நடக்கிறவர்களுக்கு வருவது கால் ஆணி. நடுநடுவே குடல் இறக்கம், சொத்தை நகம், ஒரு தடவை தளபதி வீட்டம்மாவின் பித்தப்பை. வீரம் என்பது மிகவும் சலிப்பான உத்தியோகம் என்று அவர் முடிவுகட்டியிருந்த நேரத்தில் எல்லையில் சண்டை மூண்டது. வயலோரத்துக் கூடாரம் ஒன்றில், டார்பாலின் கூரையின் கீழ் நாற்பது கட்டில்களோடு அவருடைய மருத்துவமனை முளைத்தது.

ராணுவ அறுவை மருத்துவத்தில் ஒரு விதி உண்டு. குண்டோ இரும்புச் சில்லோ உடம்புக்குள் போகும்போது தனியாகப் போவதில்லை. மண், சேறு, சட்டைத் துணி என்று கூட்டமாகத்தான் போகும். அந்தக் காயத்தை அன்றே மூடித் தைத்தால் திருடனை உள்ளே வைத்து வீட்டைப் பூட்டிய கதை. ஆகவே செத்த சதையை வெட்டி, கழுவி, திறந்தபடி விட வேண்டும். ஐந்தாம் நாள் பார்த்து, சுத்தமாக இருந்தால் அப்போது தைக்கலாம். கையேட்டில் இது ஒன்றரைப் பக்கம். படிக்க நாலு நிமிடம் ஆகும். நம்புவதற்கு அவருக்கு ஒரு கால் தேவைப்பட்டது. அது அவருடைய கால் அல்ல.

கூடாரத்துக்கு ஒரு ஜெனரல் பார்வையிட வருவதாக ஒருநாள் தகவல் வந்தது. மருத்துவமனையின் மேலதிகாரி பதறிப்போனார்.

"இவர் கட்டைப் பிரிச்சுப் பார்க்கிற ரகம்ப்பா. முன்வரிசை முழுக்க வாயைப் பிளந்த புண்ணா இருந்தா கசாப்புக்கடைன்னு சொல்லிட்டுப் போயிடுவார். ஒரு நாலு பேரையாவது தைச்சு வை."

"சார், விதி என்னன்னா..."

"விதியைப் போட்டவரே வர்றாரு. நீ தை."

முன்வரிசையில் ஒரு லாரி ஓட்டுநர் கிடந்தான். கெண்டைக்காலில் சில்லு பாய்ந்து சில மணி நேரந்தான் ஆகியிருந்தது. பார்க்கச் சுத்தமான காயம். மேஜர் (அப்போது கேப்டன்) ஏழு தையல் போட்டார். அளந்து வைத்தது போல ஏழு. மறுநாள் ஜெனரல் குனிந்து பார்த்தார்.

"யார் தைச்சது இது? என் சட்டைக்குக்கூட இப்படித் தைக்க ஆள் கிடைக்க மாட்டேங்குது!"

எல்லோரும் சிரித்தார்கள். ஜெனரல் சிரித்தால் சிரிப்பது விதி. அந்த விதியை யாரும் மீறவில்லை.

மூன்றாம் நாள் அந்தக் கட்டிலிலிருந்து ஒரு வாடை வந்தது. விரலால் அழுத்தினால் தோலுக்கு அடியில் ஏதோ நொறுங்குவது போல் இருந்தது. உள்ளே அழுகல் பரவியிருந்தது; அன்று மாலைக்குள் அந்தக் காலை முழங்காலுக்கு மேலே வெட்டி எடுக்க வேண்டியதாயிற்று. எடுத்தவரும் அவர்தான். அடுத்த வாரம் தபாலில் ஜெனரலின் பாராட்டுக் கடிதம் வந்தது: "நேர்த்தியான கைவேலைக்காக."

அவர் ஓட்டுநரின் கட்டிலுக்குப் போய் நின்றார். "தப்பு என்னுது. அன்னிக்குத் தைச்சிருக்கவே கூடாது."

"விடுங்க சார். எங்க குடும்பத்துலயே ஒரு ஜெனரல் குனிஞ்சு பார்த்த முதல் காலு என்னுதுதான்" என்று ஓட்டுநர் சொல்லிச் சிரித்தான்.

அந்தச் சிரிப்பில் மன்னிப்பு இருந்ததா என்று மேஜர் பிறகு பல வருடம் யோசித்தார். இருந்தது என்று வைத்துக்கொண்டால் வசதியாக இருக்கும். அதனாலேயே இல்லை என்று வைத்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு வந்ததுதான் அந்தப் பழக்கம். காகிதம் தொலையும், ஆட்கள் மாறுவார்கள், மேலதிகாரிகள் பதறுவார்கள். ஆகவே கட்டின் மேலேயே, தண்ணீர் பட்டாலும் அழியாத பென்சிலால் எழுதினார்: காயம் பட்ட நேரம், வெட்டிச் சுத்தம் செய்த நேரம், பிரிக்க வேண்டிய தேதி. அதன் கீழே ஒரு வரி: "வாடை, அடங்காத வலி, வேகமாக ஓடும் நாடி. இவை இல்லாமல் அதுவரை யாரும் பிரிக்கக் கூடாது. நான் உட்பட."

மேலதிகாரிக்குச் சிரிப்பு. "நீ பிரிக்கக் கூடாதுன்னு நீயே எழுதிக்கிறியா?"

"எனக்குத்தான் சார் முதல்ல எழுதணும்."

பாராட்டுக் கடிதத்தை அவர் கிழிக்கவில்லை. நாலாக மடித்து, கத்திகள் வைக்கும் தோல்பையின் உள்ளறையில் போட்டுவைத்தார். கல்யாணத்துக்குப் பிறகு அவர் மனைவி, பள்ளிக்கூடத்தில் பூகோளம் நடத்துகிறவர், பையைத் தூசி தட்டும்போது அதைக் கண்டுபிடித்தார். மறுநாளே கண்ணாடி போட்ட சட்டம் ஒன்று வாங்கிவந்தார். "மாட்ட வேண்டாம்" என்றார் மேஜர். தன்னடக்கம் என்று நினைத்து அந்த அம்மாள் பூரித்துப்போனார். கல்யாணமான புதிதில் இப்படிப்பட்ட தவறுகள் நடக்கும். ஏழு ஊர் மாறியும் சட்டம் காலியாகக் கூடவே வந்தது.

ஓய்வுக்குப் பிறகு ஊர் மருத்துவமனையில் சேர்ந்தபோது அங்கே ஏற்கெனவே ஓர் அறுவை மருத்துவர் இருந்தார். எல்லோருக்கும் அவர் சீஃப். சீஃப் தைத்த புண்கள் பார்க்க அழகாக இருக்கும். அவற்றில் பெரும்பாலானவை ஒழுங்காக ஆறவும் செய்தன என்பதுதான் இந்த விவகாரத்தின் சிக்கல். சமையல் கத்தி பட்ட விரலை மேஜரும் அன்றைக்கே தைத்து அனுப்பினார். ஆனால் அதையெல்லாம் ஊர் ஞாபகம் வைத்துக்கொள்ளுமா? சேறும் துருவும் புகுந்த காயங்களை அவர் திறந்து வைத்ததுதான் பேச்சு. வார்டின் தலைமை நர்ஸ் மட்டும் ஒரு வருடம் வாயைத் திறக்காமல் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, அழியாத பென்சில் ஒரு டஜன் வேண்டும் என்று ஸ்டோருக்கு எழுதிப் போட்டார். அந்த அம்மாள் யாரையும் பாராட்டும் முறை அது.

இப்படிப் போய்க்கொண்டிருந்த ஒரு மழைநாள் மதியத்தில்தான் மின்வாரிய ஏணி வண்டியில் வைத்து அவருடைய மச்சினனைக் கொண்டுவந்தார்கள்.

மச்சினன் லைன்மேன். மேஜரின் மனைவிக்கு ஒரே தம்பி. தாய் போன பிறகு ஆறு வயதிலிருந்து அக்காதான் வளர்த்தார். ஈரக் கம்பத்தில் கால் வழுக்கி, கீழே சாக்கடையை ஒட்டிய துருப்பிடித்த வேலிக் கம்பியில் விழுந்திருந்தான். கெண்டைக்கால் ஒரு சாண் நீளத்துக்குக் கிழிந்து, உள்ளே கறுப்புச் சேறு அப்பியிருந்தது.

"மாமா, ரத்தம் பட்ட ஏணியைக் கழுவித் தரச் சொல்றாங்க" என்றான், பல்லைக் கடித்துக்கொண்டு. "காலைக் கழுவறப்ப அதையும் சேர்த்துக் கழுவிடுங்க."

சீஃப் வந்து பார்த்தார். "சொந்தக்காரங்களை நாமே தொடறது சரியில்ல மேஜர். நான் பார்க்கறேனே?"

பார்த்தால் தைப்பார். மேஜருக்கு அது தெரியும். "நானே பார்த்துக்கறேன்" என்றார். விதிகளை மதிக்கிற மனிதர், அன்று ஒரு விதியைக் காப்பாற்ற இன்னொன்றை மீறினார்.

ஒன்றரை மணி நேரம் வெட்டினார், கழுவினார், மறுபடி வெட்டினார். கிள்ளினால் துடிக்கிற சதையை விட்டார், துடிக்காததை எடுத்தார். எல்லாம் முடிந்து ரத்தம் நல்ல சிவப்பாகக் கசியத் தொடங்கியபோது, கையை நீட்டி, "நூல்" என்றார்.

தலைமை நர்ஸ் ஊசி கோத்த இடுக்கியை அவர் உள்ளங்கையில் வைத்தார். மேஜர் அதைப் பார்த்தார். காயம் சுத்தமாகத்தான் இருந்தது. ஓட்டுநரின் காயமும் பார்க்கச் சுத்தமாகத்தான் இருந்தது. கதவுக்கு வெளியே நடைபாதை பெஞ்சில் மனைவி உட்கார்ந்திருந்தார். செருப்புக் கால் தரையைத் தட்டும் சத்தம் உள்ளே கேட்டது.

"தெரியாம கேட்டுட்டேன்" என்று ஊசியைத் தட்டில் திரும்ப வைத்தார். தளர்வாகத் துணி வைத்துக் கட்டி, மாவுக் கட்டால் காலைத் தாங்கவைத்து, பென்சிலை எடுத்து எழுதினார். கடைசி வரி உட்பட.

வெளியே வந்ததும் மனைவி எழுந்தார். "தைச்சாச்சா?"

"இல்ல."

"ஏன்?"

"சாக்கடையில விழுந்த கால். அஞ்சு நாள் போகட்டும்."

"அவன் கம்பம் ஏறிப் பொழைக்கிறவன்ங்க. அந்தக் கால் போச்சுன்னா அவனுக்கு என்ன இருக்கு?"

"தெரியும்."

"தெரிஞ்சுதான் திறந்து போட்டுட்டு வந்து நிக்கறீங்களா?"

இரண்டாம் நாள் சொந்தபந்தம் எல்லாம் வந்து கட்டிலைச் சுற்றி நின்றது. ஒவ்வொருவருக்கும் கால் போன ஒருவரையாவது தெரிந்திருந்தது, விவரமாகச் சொன்னார்கள். சீஃப், நடைபாதையில் மேஜரின் மனைவியைப் பார்த்து, "நான் தலையிட விரும்பலம்மா. என் தம்பியா இருந்தா அன்னிக்கே தைச்சிருப்பேன்" என்றார். தலையிட விரும்பாதவர்கள் இவ்வளவு தூரம்தான் தலையிடுவார்கள்.

மூன்றாம் நாள் காலையில் காய்ச்சல். நூற்றொன்று.

மனைவி வீட்டு வாசலில் வழியை மறித்தார். "இன்னிக்குப் பிரிச்சுப் பாருங்க. இல்லாட்டி நான் சீஃப்கிட்ட எழுதிக் கொடுத்து அவரைப் பார்க்கச் சொல்வேன். அக்காவா எனக்கு அந்த உரிமை இருக்கு."

இருந்தது. மேஜர் வார்டுக்குப் போனார். குனிந்து கட்டை முகர்ந்தார். சுண்ணாம்பும் மருந்தும்தான் மணத்தன. கால் விரல்கள் சூடாக, நிறமாக இருந்தன. நாடி பிடித்தார். எல்லாமே 'பொறு' என்றன. அவர் கத்திரிக்கோலை எடுத்தார்.

"சார்" என்றார் தலைமை நர்ஸ், "தேதி நாளன்னிக்கு."

"காய்ச்சல் இருக்கு சிஸ்டர்."

"வாடை?"

"இல்ல."

"வலி எப்படித் தம்பி?"

"பசிதான் சிஸ்டர் இருக்கு" என்றான் மச்சினன். "வந்தவங்க சொன்ன கதையில சாப்பாடு இறங்கல."

"நாடி எவ்வளவு சார்?"

"எண்பத்தெட்டு."

"அப்ப கத்திரியைக் கொடுங்க."

"நான்தான் இங்க டாக்டர்."

"இப்ப இல்ல சார். இப்ப நீங்க மாமா." கட்டின் மேல் கடைசி வரியின்மீது விரலை வைத்தார் அந்த அம்மாள். "டாக்டர் எழுதி வெச்சுட்டுப் போயிருக்காரு."

மச்சினன் எட்டிப் பார்த்தான். "உங்க கையெழுத்துதானே மாமா? புரியவே இல்ல, அப்ப உங்களுதுதான்."

மேஜர் கத்திரியைக் கொடுத்துவிட்டார். இருபது வருடமாக அந்த வரியை எழுதிவந்தவருக்கு, அது வேலை செய்யும் என்று அன்றுதான் தெரிந்தது.

சாயங்காலம் வீட்டில், சாப்பாட்டு மேசையில், தோல்பையின் உள்ளறையிலிருந்து அந்தக் கடிதத்தை எடுத்து மனைவியின் முன் விரித்தார்.

"இது எனக்கு மனப்பாடம்" என்றார் மனைவி.

"இதுல இல்லாததைச் சொல்றேன்."

ஏழு தையல்களையும் சொன்னார். வாடையைச் சொன்னார். கடிதம் வந்த நாளையும், ஓட்டுநர் சிரித்ததையும் சொன்னார். தன்னைக் காப்பாற்றிக்கொள்ளும்படி எதுவும் சொல்லவில்லை; சொல்லியிருந்தால் பூகோள டீச்சர் கண்டுபிடித்திருப்பார்.

"நான் ஒரு காலிச் சட்டத்தை ஏழு ஊருக்குத் தூக்கிட்டு அலைஞ்சிருக்கேன்" என்றார் மனைவி. "ஒரு வார்த்தை சொல்லல நீங்க."

"சொன்னா நீ..."

"நான் என்ன பண்ணியிருப்பேன்னு நீங்க சொல்ல வேண்டாம்." தட்டை எடுத்துக்கொண்டு எழுந்தார். "அவன் கால் போயிடுச்சுன்னா?"

"போச்சுன்னா நான்தான் எடுக்கணும்."

உள்ளே போன மனைவி, பாத்திரம் கழுவும் சத்தத்துக்கு நடுவிலிருந்து குரல் கொடுத்தார்: "நாளைக்கு நான் லீவு. ஆஸ்பத்திரியில உட்காரப் போறேன். தேதி வர்ற வரைக்கும் கட்டை யாரும் தொடக் கூடாது."

"நானும்?"

"முக்கியமா நீங்க."

நாலாம் நாள், பரீட்சைத் தாள் கட்டு ஒன்றோடு கட்டில் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்துவிட்டார். சொந்தபந்தங்கள் வாசலோடு திரும்பின. சீஃப் வந்து, "சும்மா ஒரு பார்வை..." என்று ஆரம்பித்தார். "தேதி நாளைக்கு சார்" என்றார் டீச்சர், சிவப்பு மைப் பேனாவை நிமிர்த்தாமலே. தாமதமாக வந்த மாணவன் போல சீஃப் ஒரு நிமிடம் நின்றுவிட்டுப் போனார். காய்ச்சல் அன்று நூறுக்கு இறங்கியது. நிம்மதி தரும் அளவுக்கு இறங்கவில்லை. சண்டை போடும் அளவுக்கு ஏறவுமில்லை.

ஐந்தாம் நாள் காலை ஒன்பது மணிக்கு, எழுதியிருந்த தேதியில், மேஜர் கட்டைப் பிரித்தார். மயக்க மருந்தில் மச்சினன் வாயைத் திறந்து தூங்கிக்கொண்டிருந்தான்; அவன் பேசாமல் இருந்த ஒரே மணி நேரம் அது. கடைசித் துணி ஒட்டிக்கொண்டு மெல்ல வந்தது. மேஜர் முதலில் பார்க்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டு முகர்ந்தார். பிறகுதான் பார்த்தார். ஓரத்திலிருந்து ஓரம் வரை ஈரச் சிவப்பு, சின்னச் சின்ன மணிகளாக. சீழ் இல்லை. கறுப்பு இல்லை. ஒரு பொட்டுக்கூட.

"நூல்" என்றார். இந்தத் தடவை ஊசி ஏற்கெனவே தயாராக இருந்தது.

சதை வீங்கியிருந்தது, ஓரங்கள் சேர மறுத்தன. பதினோரு தையல், இரண்டு நெருக்கமாக, ஒன்று தள்ளி, கடைசி மூன்றும் ஒரு பக்கமாகச் சாய்ந்து. மருத்துவ மாணவன் போட்டிருந்தால் அவரே திட்டியிருப்பார். முடிந்ததும் மனைவியை உள்ளே வரவழைத்துக் காட்டினார். அவர் கண்ணாடியை மூக்கில் ஏற்றிவிட்டு, வரைபடத்தில் எல்லைக்கோடு பார்ப்பது போல மேலிருந்து கீழ்வரை பார்த்தார். கன்னத்தில் வழிந்ததைத் துடைத்துக்கொள்ளவில்லை.

"இதை ஒரு ஜெனரலும் பாராட்டமாட்டார்" என்றார்.

மேஜர் தலையாட்டினார். இருபத்திரண்டு வருட சேவையிலும் அதற்குப் பிறகும் அவர் ஏற்றுக்கொண்ட ஒரே பாராட்டு அதுதான் என்று தலைமை நர்ஸ் பின்னாளில் சொல்வதுண்டு.

மூன்று மாதம் கழித்து ஒரு பகல், தெருவில் மின்சாரம் போயிற்று. வந்த லைன்மேன் ஏணியைக்கூட இறக்காமல், எதிர்வீட்டுக் கம்பத்தில் மளமளவென்று ஏறினான். மேஜர் வாசலுக்கு வந்து கம்பத்தின் அடியில் நின்று அண்ணாந்து பார்த்தார்.

"என்ன மாமா, விழுந்தா பிடிக்கலாம்னு நிக்கறீங்களா?"

"இல்லடா. தழும்பைப் பார்க்கறேன்."

"கோணலா இருக்குன்னு அக்கா ஊரெல்லாம் சொல்லிட்டுத் திரியுது."

"கோணல்தான்" என்றார் மேஜர். "நீ மேல ஏறு."

அவன் ஏறினான். மேலே எதையோ முறுக்கினான். வீட்டுக்குள் மின்விசிறி சுற்ற ஆரம்பித்து, மேசையில் மனைவி திருத்திக்கொண்டிருந்த தாள்கள் பறக்க, உள்ளேயிருந்து தம்பியையும் கணவரையும் சேர்த்துத் திட்டும் சத்தம் கேட்டது. மேஜர் தாள்களைப் பொறுக்க உள்ளே போனார்.